விஜய குமாரதுங்க: கற்பிட்டிக் கரையிலிருந்து யாழ்ப்பாணம் வரை

புத்தளம் மாவட்டத்தின் கரையோரம் ஒரு மொழியாலோ ஒரு மதத்தாலோ அடையாளம் காட்டக்கூடிய நிலமன்று. தெற்கே சிலாபத்தை அடுத்து முன்னேஸ்வரம் இருக்கிறது. சற்று வடக்கே உடப்பில் திரௌபதி அம்மன் தீமிதிப்பு ஆண்டுதோறும் நடைபெறுகிறது. இன்னும் வடக்கே தலவிலையில் அன்னம்மாள் தேவாலயத் திருவிழாவுக்குச் சிங்களவரும் தமிழரும் ஒருமித்துத் திரளுகின்றனர். கற்பிட்டியில் பள்ளிவாசலின் பாங்கொலியும் ஒல்லாந்தர் கட்டிய கோட்டையும் கடலோரத்து மீன்வாடிகளும் பக்கம் பக்கமாகக் காணப்படுகின்றன. வீட்டில் ஒரு மொழியும் கடைத்தெருவில் இன்னொரு மொழியும் பேசுகின்ற மக்கள் இங்கு ஏராளம். முன்னோர் தமிழிலே செபம் செய்த கத்தோலிக்கக் குடும்பங்கள் பலவற்றில் இன்றைய தலைமுறை சிங்களத்திலே செபம் சொல்கின்றது.

இந்தக் கரையிலேதான் 1978 ஆம் ஆண்டில் வெளிவந்த ‘பம்பரு அவித்’ என்னும் சிங்களத் திரைப்படத்தின் கதை நிகழ்கிறது. குளவிகள் வந்துவிட்டன என்பது அத்தலைப்பின் பொருள். அதனை இயக்கியவர் தர்மசேன பத்திராஜ. அதற்கு முந்திய ஆண்டில் யாழ்ப்பாணத்தைக் களமாகக் கொண்டு, சாதிப் பிரச்சினையை மையப்படுத்தி, ‘பொன்மணி’ என்ற தமிழ்ப் படத்தைத் தந்தவரும் அவரே. கற்பிட்டி மீனவக் கிராமத்தினுள் நகரத்திலிருந்து வந்து சேரும் விக்டர் என்ற பாத்திரத்தில் நடித்தவர் அன்றைய சிங்களத் திரையுலகின் மிகப் பிரபலமான கதாநாயகர்களுள் ஒருவரான விஜய குமாரதுங்க. பத்தாண்டுகள் கழித்து, 1988 பெப்ரவரி 16 ஆம் திகதி, கொழும்பில் தமது வீட்டு வாசலிலே அவர் சுட்டுக் கொல்லப்பட்டபோது அவருக்கு வயது 42 மாத்திரமே.

அவர் மறைந்து மூன்று தசாப்தங்களுக்கும் மேலாகிவிட்டது. சிங்கள மக்களின் நினைவில் அவர் இன்னமும் அழகிய கதாநாயகனாகவும் இனிய குரல் கொண்ட பாடகனாகவும் வாழ்கிறார். தமிழ் மக்களின் நினைவிலோ வேறொரு காரணத்துக்காக அவர் இடம்பெற வேண்டியவர். தென்னிலங்கையில் எந்த நடிகரும் செய்யத் துணியாத ஒன்றை, அரசியல்வாதிகள் பலர் செய்ய விரும்பாத ஒன்றை, அவர் செய்தார். அதற்கான விலையையும் செலுத்தினார். அந்த வாழ்க்கையை இன்றைய தலைமுறைக்கு ஒருமுறை எடுத்துச் சொல்வது பயனுடையதாகும்.

கோவிலகே அன்ரன் விஜய குமாரதுங்க 1945 ஒக்டோபர் 9 ஆம் திகதி பிறந்தார். கொழும்புக்கும் நீர்கொழும்புக்கும் இடையிலுள்ள ஜா-எல, சீதுவைப் பகுதி அவரது பூர்வீகம். கத்தோலிக்கக் குடும்பம். தந்தையார் கிராமத் தலைமையுத்தியோகத்தர். ஆகவே செல்வச் செழிப்பிலே பிறந்தவரென்று அவரைச் சொல்ல முடியாது. மக்களின் சுகதுக்கங்கள் அன்றாடம் வாசலுக்கு வந்து சேரும் வீடு அது. கொழும்பு கொட்டாஞ்சேனையிலுள்ள புனித பெனடிக் கல்லூரியிலும் அவர் பயின்றார். தமிழரும் சிங்களவரும் முஸ்லிம்களும் பறங்கியரும் நெருங்கி வாழ்ந்த கொட்டாஞ்சேனையின் சூழல் அவருடைய இளமைப் பருவத்தின் ஒரு பகுதியாக இருந்தது என்பதைக் கவனத்திற் கொள்ள வேண்டும்.

1960களின் பிற்பகுதியில் அவர் திரையுலகில் நுழைந்தார். 1969 இல் சுகதபால செனரத் யாப்பாவின் ‘ஹந்தானே கதாவ’ வெளிவந்தபோது அவர் பரவலாக அறியப்பட்டார். பேராதனைப் பல்கலைக்கழக மாணவர் வாழ்க்கையை மையமாகக் கொண்ட அப்படம், சுயபாஷைக் கல்வியினால் பல்கலைக்கழகத்தின் படிகளேறிய கிராமப்புற இளைஞரின் கனவுகளையும் ஏக்கங்களையும் திரைக்குக் கொண்டுவந்தது. அந்தத் தலைமுறையின் முகமாக விஜய அமைந்தார். அடுத்த இருபது ஆண்டுகளுக்குள் நூற்றுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தார். அவற்றுட் பெரும்பாலானவை காதலும் சண்டையும் பாட்டும் கலந்த வணிகப் படங்கள் என்பதை மறுப்பதற்கில்லை. தென்னிந்தியப் படங்களின் வார்ப்பில் உருவான கதைகளும் அவற்றுட் பல. எச்.ஆர். ஜோதிபாலவின் பின்னணிக் குரலுக்கு வாயசைத்து, மாலினி பொன்சேகா, கீதா குமாரசிங்க முதலிய நடிகையருடன் இணைந்து, நாடெங்குமுள்ள திரையரங்குகளை அவர் நிறைத்தார்.

ஆனால், அந்த வணிக வெற்றியோடு அவர் நின்றுவிடவில்லை. பெயரும் பணமும் தேடித்தந்த படங்களுக்கிடையே, அவ்விரண்டையும் உறுதியாகத் தரமாட்டாத படங்களிலும் அவர் விரும்பி நடித்தார். லியனார்ட் வூல்ஃபின் நாவலைத் தழுவி லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் 1980 இல் உருவாக்கிய ‘பத்தேகம’வில் காட்டுக் கிராமத்து ஏழை விவசாயி பாபுனாக நடித்தார். அதே ஆண்டில் சுமித்ரா பீரிஸின் ‘கங்கா அத்தர’ வெளிவந்தது. அப்படத்திலே அவர் தமது சொந்தக் குரலிற் பாடிய பாடல் இன்றும் சிங்கள மக்களின் உதடுகளில் இருக்கிறது. பத்திராஜவின் ‘பாரதிகே’, திஸ்ஸ அபேசேகரவின் ‘கருமக்காரயோ’ ஆகியனவும் அவ்வாண்டுக்குரியவையே. லட்சுமி, முத்துராமன் ஆகியோருடன் ‘நங்கூரம்’ என்ற தமிழ்ப் படத்திலும் அவர் தோன்றினார். எண்பதுகளில் சரசவிய விழாக்களில் இரசிகர்களின் விருப்பத்துக்குரிய நடிகராக அவர் தொடர்ந்து தெரிவுசெய்யப்பட்டார்.

இப்படங்கள் அனைத்தினுள்ளும் ‘பம்பரு அவித்’ தனித்து நோக்கத்தக்கது. கடற்கரைக் கிராமமொன்றில் மீனவர் பிடிக்கும் மீனைக் கொள்வனவு செய்து, கடன் கொடுத்து, அவர்களைத் தன் பிடிக்குள் வைத்திருக்கிறார் உள்ளூர் முதலாளி அன்ரன். ஜோ அபேவிக்ரம அப்பாத்திரத்தை ஏற்றார். அங்கே நகரத்து இளைஞன் விக்டர் தன் நண்பர்களுடன் வந்து இறங்குகிறான். மீன் வியாபாரத்தில் அவன் தலையிடுகிறான். மாலினி பொன்சேகா நடித்த ஹெலன் என்ற பெண்ணின் மனத்திலும் அவன் இடம்பிடிக்கிறான். நண்பர்களுள் ஒருவன் பொதுவுடைமை பேசுகிறான்; அவ்வுரை ஊராரின் செவியில் ஏறுவதில்லை. பழைய சுரண்டலுக்குப் பதிலாகப் புதிய சுரண்டல் வருகிறது. பகை மூண்டு உயிர்ப்பலியில் முடிகிறது. ஊர் முன்பிருந்ததைக் காட்டிலும் மோசமான நிலையிலே விடப்படுகிறது. சிங்களத் திரைப்படத்தின் அரை நூற்றாண்டு நிறைவையொட்டி 1997 இல் தெரிவுசெய்யப்பட்ட தலைசிறந்த பத்துப் படங்களுள் இதுவும் ஒன்றாக இடம்பெற்றது.

ஒரு நட்சத்திர நடிகருக்கு அது ஆபத்தான பாத்திரம். இரசிகர்கள் நேசிக்கும் முகத்தை அழிவின் முகமாகக் காட்டுவதற்கு அவர் இணங்கினார். கவர்ச்சியும் இனிய பேச்சும் கொண்டு வெளியிலிருந்து வருபவன் ஓர் ஊரை எவ்வாறு சிதைக்க முடியும் என்பதைத் தம் சொந்தக் கவர்ச்சியையே கருவியாக்கி அவர் உணர்த்தினார். பிற்காலத்தில் அரசியலிலும் அவர் வெளியிலிருந்து வந்தவராகவே பல இடங்களுக்குச் செல்ல நேர்ந்தது. அப்போது அவர் விக்டராக நடந்துகொள்ளவில்லை என்பதே அவரது வாழ்க்கையின் சாரமாகும்.

அதே 1978 ஆம் ஆண்டு பெப்ரவரி 20 ஆம் திகதி விஜய, சந்திரிகா பண்டாரநாயக்கவைத் திருமணம் செய்தார். இரண்டு முன்னாள் பிரதமர்களின் புதல்வி அவர். கிராமத் தலைமையுத்தியோகத்தரின் மகனும் நாட்டின் முதன்மையான அரசியற் குடும்பத்தின் மகளும் இணைந்த அத்திருமணத்தைச் சினிமாக் கதையெனப் பலர் பேசினர். ஆயினும் விஜயவை அரசியலுக்கு அழைத்து வந்தது அத்திருமணம் என்று கருதுவது பிழை. இடதுசாரி உணர்வுடன் லங்கா சமசமாஜக் கட்சியின் ஆதரவாளராகத் தொடங்கி, பின்னர் ஸ்ரீலங்கா சுதந்திரக் கட்சிக்கு வந்து சேர்ந்தவர் அவர். திருமணத்துக்கு முன்னரே மேடைகளில் பேசிப் பழகியவர்.

1980 ஒக்டோபரில் திருமதி சிறிமாவோ பண்டாரநாயக்கவின் குடியியல் உரிமைகள் பறிக்கப்பட்டன. அதனால் 1982 ஒக்டோபர் ஜனாதிபதித் தேர்தலிலே சுதந்திரக் கட்சியின் வேட்பாளராக ஹெக்டர் கொப்பேகடுவ நிறுத்தப்பட்டார். கட்சியின் மூத்தோர் பலர் ஒதுங்கி நின்ற அத்தேர்தலில் கொப்பேகடுவவுக்காக ஊரூராகச் சென்று பிரசாரம் செய்தவர்களுள் விஜய முதன்மையானவர். கொப்பேகடுவ தோற்றார். எனினும் யாழ்ப்பாண மாவட்டத்தில் அவர் குமார் பொன்னம்பலத்துக்கு அடுத்ததாக, ஜனாதிபதி ஜே.ஆர். ஜயவர்தனவைவிட அதிக வாக்குகளைப் பெற்றார். எழுபதுகளில் இறக்குமதிக் கட்டுப்பாட்டினால் வெங்காயமும் மிளகாயும் செய்து நிமிர்ந்த வடபகுதி விவசாயி, அக்காலத்து விவசாய அமைச்சரை மறந்துவிடவில்லை. ஒரு சிங்கள வேட்பாளருக்கு வடக்கிலும் வாக்கு உண்டு, அதைத் தேடிச் செல்ல வேண்டியதே பாக்கி என்ற பாடத்தை அத்தேர்தல் கற்பித்தது.

தேர்தல் முடிந்ததும், பாராளுமன்றத்தின் ஆயுளை நீடிப்பதற்கான 1982 டிசெம்பர் சர்வசன வாக்கெடுப்புக்கு முன்பாக, நக்சலைட் சதி என்ற குற்றச்சாட்டைச் சுமத்தி அரசாங்கம் விஜயவைக் கைது செய்து தடுத்து வைத்தது. எதிரணியின் மிகக் கவர்ச்சியான பேச்சாளர் வாக்கெடுப்புக் காலத்தில் மேடையேற முடியாமற் போனார். சதி எதுவும் நிரூபிக்கப்படவில்லை; அவர் பின்னர் விடுதலையானார். 1983 மே மாதம் நடைபெற்ற இடைத்தேர்தலில் மகர தொகுதியிற் போட்டியிட்டு, நாற்பத்தைந்தே வாக்குகளால் தோல்வி கண்டார். அத்தேர்தலின் நேர்மை குறித்து நெடுங்காலம் ஐயம் பேசப்பட்டது. பாராளுமன்ற ஆசனமொன்றில் ஒருநாளேனும் அமராமலே அவர் தேசியத் தலைவராக வளர்ந்தார் என்பது குறிப்பிடத்தக்கது.

இரண்டு மாதங்களில் ஜூலை வந்தது. 1983 ஜூலைக் கலவரம் தமிழர்களின் உயிரையும் உடைமையையும் மட்டும் அழிக்கவில்லை. சிங்களத் திரைப்படத் துறையையும் எரித்தது. இதைத் தென்னிலங்கை அதிகம் பேசுவதில்லை. முதலாவது சிங்களப் படமான ‘கடவுணு பொரொந்துவ’ 1947 இல் எஸ்.எம். நாயகம் என்ற தமிழரின் தயாரிப்பில் மதுரையிலே உருவாக்கப்பட்டது. அதன் நாயகி ருக்மணி தேவி தமிழ்க் கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்தவர். ஹெந்தளையில் கே. குணரத்தினம் நிறுவிய விஜயா ஸ்ரூடியோவிலே எத்தனையோ சிங்களப் படங்கள் உருவாகின. ஜூலைக் கலவரத்தில் அந்த ஸ்ரூடியோ எரிக்கப்பட்டது, படச்சுருள்கள் சாம்பலாயின. சிங்களப் படங்களை இயக்கி வந்த தமிழரான கே. வெங்கட் படுகொலை செய்யப்பட்டார். விஜய தொழில் செய்த உலகம் இது. தமிழரின் முதலும் உழைப்பும் கலையும் சேர்ந்து வளர்த்த ஒரு துறையின் முதன்மை நட்சத்திரமாகத் தாம் விளங்குவதை அவர் அறியாதிருந்திருக்க முடியாது.

1984 ஜனவரி 22 ஆம் திகதி ஸ்ரீலங்கா மக்கள் கட்சி தொடங்கப்பட்டது. மூத்த அரசியல்வாதியும் எழுத்தாளருமான ரி.பி. இலங்கரத்ன, சந்திரிகா, விஜய ஆகியோர் அதன் முன்னணியில் நின்றனர். சுதந்திரக் கட்சியின் தலைமையிலேற்பட்ட குடும்பப் பூசலும் இப்பிரிவுக்கு ஒரு காரணமென்பதை மறைக்கத் தேவையில்லை. ஆனால், இனப்பிரச்சினைக்கு இராணுவத் தீர்வு கிடையாது, அதிகாரப் பகிர்வே வழி என்று சிங்கள மக்கள் முன்னிலையிலே வெளிப்படையாகச் சொல்வதற்கு ஒரு கட்சி தேவைப்பட்ட காலம் அது. அந்தத் தேவையை விஜயவின் கட்சி நிறைவு செய்தது.

அக்காலத்தில் அப்படிப் பேசுவது எவ்வளவு கடினமென்பதை இக்கரையோரத்து நிகழ்வுகளைக் கொண்டே அறியலாம். மேற்குக் கரையில் தென்மேற்குப் பருவக்காற்று வீசும் மாதங்களில், நீர்கொழும்பு, சிலாபப் பகுதி மீனவர் வள்ளங்களையும் வலைகளையும் ஏற்றிக்கொண்டு வடகிழக்குக் கரைகளுக்குச் சென்று வாடியமைத்துத் தொழில் செய்வது தலைமுறை தலைமுறையாக வந்த வழக்கம். உறவும் உரசலும் இருந்தன. எனினும் கடல் இரு தரப்பாருக்கும் சோறு போட்டது. 1984 டிசெம்பர் தொடக்கத்தில் முல்லைத்தீவுக் கரையில் கொக்கிளாய், நாயாறு வாடிகளிலிருந்த சிங்கள மீனவர் விடுதலைப் புலிகளால் கொல்லப்பட்டனர். அதே மாதத்தில் மன்னாரில் தமிழ்ப் பொதுமக்கள் இராணுவத்தினரால் கொல்லப்பட்டனர். பருவத்துக்குப் பருவம் கரை மாறிய வாழ்க்கை குலைந்தது. இறந்தவர்களின் உடல்கள் ஊர் திரும்பிய கரையோரக் கிராமங்களில், தமிழரோடு பேச வேண்டும் என்று சொல்பவன் துரோகியாகக் கருதப்பட்டான். விஜய அத்தகைய மக்களிடமே சென்று, அதையே சொன்னார். அவர்களுக்கு அவரது முகம் பழக்கமானது. ஆகவே குறைந்தபட்சம் செவிமடுத்தனர். ஒரு நடிகரின் புகழ் எதற்குப் பயன்படும் என்ற கேள்விக்கு இதைவிடத் தெளிவான விடை கிடையாது.

1986 இல் அரசாங்கம் கூட்டிய அரசியற் கட்சிகள் மாநாட்டைச் சுதந்திரக் கட்சி புறக்கணித்தது. மக்கள் கட்சி அதிற் கலந்துகொண்டு மாகாண மட்ட அதிகாரப் பகிர்வை ஆதரித்தது. அத்துடன் நில்லாது, விஜய தமிழகம் சென்று, அங்கு தங்கியிருந்த தமிழ் இயக்கத் தலைவர்களைச் சந்தித்தார். அதே ஆண்டில் அவர் யாழ்ப்பாணத்துக்கும் பயணமானார். இராணுவம் முகாம்களுக்குள் முடங்கி, குடாநாட்டின் வீதிகள் இயக்கங்களின் கட்டுப்பாட்டிலிருந்த காலம் அது. கொழும்பு அமைச்சர்கள் எவரும் காலடி வைக்க எண்ணாத மண்ணுக்கு, பதவியோ பாதுகாப்புப் படையோ இல்லாத ஒரு நடிகர் தம் கட்சித் தோழர்களுடன் போய்ச் சேர்ந்தார். விடுதலைப் புலிகளின் யாழ்ப்பாணத் தளபதியாகவிருந்த கிட்டுவைச் சந்தித்துப் பேசினார். பொதுமக்களோடும் பழகினார்.

அவ்வாண்டு டிசெம்பரிலே புலிகள் பிடித்து வைத்திருந்த படையினருக்கும் அரசாங்கத்தின் தடுப்பிலிருந்த புலி உறுப்பினருக்கும் இடையே பரிமாற்றம் நடந்தது. அந்தப் பரிமாற்றத்துக்கு இராணுவ அதிகாரிகளும் நேரடியாகப் பேசியே வழிவகுத்தனர். எனவே அதன் பெருமை முழுவதையும் விஜயவுக்கு அளிப்பது நியாயமன்று. ஆயினும், எதிரியோடு பேசினால் மனிதர் உயிரோடு வீடு திரும்பலாம் என்ற எண்ணத்தைத் தென்னிலங்கையில் முதலில் விதைத்தவர்களுள் அவரும் ஒருவர். பிள்ளையைப் போர்முனைக்கு அனுப்பிவிட்டுக் காத்திருந்த தாய்மாருக்கு, அவர் சிங்களவரோ தமிழரோ, அந்த எண்ணம் எவ்வளவு பெரிதென்பதை விளக்க வேண்டியதில்லை. மனிதநேயப் பணி என்பது பொருளுதவி வழங்குவதோடு முடிவடைவதன்று. மறுபுறத்திலும் மனிதர் இருக்கின்றனர் என்று தம் மக்களுக்கு நேரிற் சென்று பார்த்துவந்து சொல்வதும் அப்பணியின்பாற்பட்டதே.

1987 ஜூலை 29 ஆம் திகதி இந்திய - இலங்கை ஒப்பந்தம் கைச்சாத்தாகியது. விஜய அதனை ஆதரித்தார். இவ்விடத்தில் அவரது அரசியலின் ஒரு சிக்கலையும் பதிவுசெய்ய வேண்டும். ஒக்டோபரில் இந்திய அமைதிப் படைக்கும் புலிகளுக்கும் போர் மூண்டு, யாழ்ப்பாண மக்கள் எறிகணைகளுக்கிடையே கோயில்களிலும் பாடசாலைகளிலும் தஞ்சமடைந்தனர். அவ்வேளையிலும் ஒப்பந்தத்தின் பக்கமே அவர் நின்றது தமிழர் பலருக்கு நெருடலாக இருந்தது. ஒப்பந்தத்தின் வழிவந்த பதின்மூன்றாவது திருத்தமும் மாகாண சபைகளும் அவருக்குப் பெரிதாகத் தெரிந்தன. அதனை நடைமுறைப்படுத்த வந்த படையினால் மக்கள் அடைந்த துன்பம் போதியளவு அவர் கவனத்திற்பட்டதா என்ற கேள்வி நியாயமானது. வரலாறு அவரை மனிதராகவே காண வேண்டும். குறைகளே இல்லாத கதாநாயகராகக் காட்ட முயல்வது அவருக்குச் செய்யும் மரியாதையாகாது.

தென்னிலங்கையிலோ நிலைமை வேறாக இருந்தது. ஒப்பந்தத்தை எதிர்த்து மக்கள் விடுதலை முன்னணி ஆயுதக் கிளர்ச்சியில் இறங்கியது. அதனோடு தொடர்புடைய தேசபக்த மக்கள் இயக்கம், ஒப்பந்தத்தை ஆதரித்தோரைத் தேசத்துரோகிகளாகக் குறித்துக் கொலைப் பட்டியலிட்டது. ஆளுங்கட்சியினர் மட்டுமன்றி இடதுசாரிகளும் தொழிற்சங்கவாதிகளும் மாணவர் தலைவர்களும் பலியாயினர். அச்சூழலிலேயே விஜய, சமசமாஜ, கம்யூனிஸ்ட் கட்சிகள் உள்ளிட்ட இடதுசாரிகளை ஒன்றிணைத்து ஐக்கிய சோசலிச முன்னணியை அமைப்பதில் முன்னின்றார். 1988 ஆம் ஆண்டு இறுதியில் நடைபெறவிருந்த ஜனாதிபதித் தேர்தலில் அவரே அம்முன்னணியின் வேட்பாளராவார் என்று பரவலாக எதிர்பார்க்கப்பட்டது.

அந்த எதிர்பார்ப்பு நிறைவேறவில்லை. 1988 பெப்ரவரி 16 ஆம் திகதி மோட்டார் சைக்கிளில் வந்தவர்கள் அவரை அவரது இல்லத்தின் முன்பாகச் சுட்டுக் கொன்றனர். மனைவியும் இரு சிறு பிள்ளைகளும் வசித்த வீடு அது. கொலையைச் செய்தவர்கள் தேசபக்த மக்கள் இயக்கத்தினர் என்று விசாரணைகள் தெரிவித்தன. 1995 இல் நியமிக்கப்பட்ட ஜனாதிபதி ஆணைக்குழு, கொலையின் பின்னணியில் அன்றைய ஆட்சியாளர் சிலர் மீதும் ஐயத்தை எழுப்பியது. அது குறித்த விவாதம் ஓய்ந்தபாடில்லை. சுதந்திர சதுக்கத்தில் நடைபெற்ற இறுதிச் சடங்கிற் பெருந்திரளான மக்கள் அழுத காட்சி அக்காலத்தவர்க்கு மறக்கவியலாதது. இரண்டு மாதத்துக்குக் குறைவான காலத்துக்கு முன்னரே, 1987 டிசெம்பர் 24 இல், இலங்கை மண்ணிற் பிறந்து தமிழகத்தை ஆண்ட எம்.ஜி.ஆர். மறைந்திருந்தார். பாக்கு நீரிணையின் இருபுறத்திலும் திரையிலிருந்து மக்களிடம் சென்ற இருவர் ஒரே குளிர்காலத்தில் இல்லாமற் போயினர். ஒருவர் ஆட்சியிலிருந்து நோயினால் இறந்தார். மற்றவர் ஆட்சியின் வாசலை எட்டுமுன்னரே தம் சொந்த இனத்தவரின் துப்பாக்கிக்கு இரையானார்.

அவர் இறந்து பத்து வாரங்களில், ஏப்ரல் 28 ஆம் திகதி, புத்தளமும் குருநாகலும் அடங்கிய வடமேல் மாகாணத்தில் முதலாவது மாகாண சபைத் தேர்தல் நடந்தது. சுதந்திரக் கட்சி அதைப் புறக்கணித்தது. வாக்களிப்போருக்கும் வேட்பாளருக்கும் மரண அச்சுறுத்தல் விடுக்கப்பட்டிருந்தது. அந்நிலையிலும் விஜயவின் தோழர்கள் ஐக்கிய சோசலிச முன்னணியின் சார்பிற் போட்டியிட்டு, ஐக்கிய தேசியக் கட்சிக்கு அடுத்த இடத்தைப் பெற்றனர். தலைவரைப் பறிகொடுத்த ஒரு கூட்டணிக்கு உயிரைப் பணயம் வைத்து வாக்களித்தவர்களுள் இக்கரையோர மக்களும் அடங்குவர். ஆனால் அந்த அணி நீடிக்கவில்லை. அவரில்லாத வெற்றிடத்தை எவராலும் நிரப்ப முடியவில்லை. சந்திரிகா பிள்ளைகளுடன் நாட்டைவிட்டுச் சென்று, பின்னர் திரும்பி, 1994 இல் சமாதான வாக்குறுதியுடன் ஜனாதிபதியானார். தமிழ்ப் பகுதிகளிலும் அவருக்குக் கிடைத்த ஆதரவுக்கு விஜயவின் நினைவும் ஒரு காரணம். அந்த நம்பிக்கை 1995 இல் மீண்டும் போரில் முடிந்தது மற்றொரு சோகம்.

கற்பிட்டிக்கும் போர் வேறு வடிவத்தில் வந்தது. 1990 ஒக்டோபரில் வடமாகாணத்து முஸ்லிம்கள் சுமார் எழுபத்தையாயிரம் பேரை விடுதலைப் புலிகள் அவர்களது பூர்வீக மண்ணிலிருந்து வெளியேற்றினர். மன்னாரிலிருந்து பலர் படகுகளில் ஏறிக் கற்பிட்டிக் கரையில் வந்திறங்கினர். கையிற் சிறு மூட்டைகளோடு வந்த அம்மக்களுக்கு இக்கரையின் முஸ்லிம்களும் தமிழரும் சிங்களவரும் முதற் சோறு கொடுத்தனர். தென்னை ஓலைக் கொட்டில்களில் தொடங்கிய தற்காலிக வாழ்க்கை இரண்டு தசாப்தங்களைத் தாண்டியது. வடக்கே தமிழரிடம் சென்று பேசிய ஒரு சிங்களவர் தெற்கிலே கொல்லப்பட்டார். வடக்கில் தமிழரோடு வாழ்ந்த முஸ்லிம்களுக்கு அங்கே இடமில்லாது போயிற்று. மறுபக்கத்தாரையும் மனிதராகக் காண மறுக்கும் அரசியல் எந்த மொழியிற் பேசினாலும் ஒரே விளைவையே தருகிறது என்பதற்கு இக்கரை சாட்சியாகிறது.

அந்தப் படத்தின் கதையும் முடிந்துவிடவில்லை. நுரைச்சோலையில் 900 மெகாவோற் நிலக்கரி மின்நிலையம் எழுந்தது. உல்லாசப் பயணத்துறைக்கென நிலங்களும் தீவுகளும் கைமாறின. கடற்கரைக்குச் செல்லும் வழி, வலை வளைக்கும் பாடு, நிலத்தின் உரிமை ஆகியன குறித்து மீனவர்கள் குரலெழுப்பி வந்துள்ளனர். வெளியிலிருந்து வருவோர் அபிவிருத்தியைக் கொண்டுவருகின்றனரா அல்லது குளவிகளாக வருகின்றனரா என்று 1978 இல் பத்திராஜ எழுப்பிய கேள்வி அந்த மணலிலேயே இன்னும் கிடக்கிறது.

அப்படத்தைத் தந்தவர்கள் ஒவ்வொருவராக விடைபெற்றுவிட்டனர். ஜோ அபேவிக்ரம 2011 இலும், பத்திராஜ 2018 இலும், மாலினி பொன்சேகா 2025 இலும் காலமாயினர். யாழ்ப்பாணத்தில் விஜயவோடு பேசிய கிட்டு 1993 ஜனவரியிற் கடலில் மாண்டார். விஜயவைச் சிங்கள இளைஞர் இன்றும் பாடல்களாலே அறிகின்றனர். தமிழ் இளைஞர் பெரும்பாலும் அறியவே இல்லை. திரைப்பட நட்சத்திரங்கள் தேர்தற் காலத்தில் மேடையேறுவதும், பாராளுமன்றம் செல்வதும் இந்நாட்டில் வழமையாகிவிட்டன. தமது புகழை வாக்காக மாற்றத் தெரிந்தவர்கள் பலர். அந்தப் புகழைச் செலவழித்து, தம் இரசிகர்கள் கேட்க விரும்பாத ஒன்றை அவர்களிடமே சொல்லத் துணிந்தவர் மிகச் சிலர்.

விஜய குமாரதுங்க தமிழரின் பிரச்சினையைத் தீர்த்துவிடவில்லை. ஆட்சிக்கு வந்திருந்தால் தீர்த்திருப்பார் என்று கூறுவதும் வெறும் ஊகமே. அவர் செய்தது அளவிற் சிறியது, ஆனால் உறுதியானது. துப்பாக்கி ஏந்தியவர்கள் மட்டுமே கடந்து சென்ற ஓர் எல்லையை அவர் வெறுங்கையோடு கடந்தார். திரும்பி வந்து தாம் கண்டதைத் தம் மக்களிடம் சொன்னார். அவரைக் கொன்றவர்களும் அதற்காகவே கொன்றனர். ஆண்டுதோறும் பெப்ரவரி 16 ஆம் திகதி தென்னிலங்கையில் அவருக்கு மலர் வைக்கப்படும்போது, வடக்கிலும் இந்தக் கற்பிட்டிக் கரையிலும் அவரை நினைவுகூர ஒரு சிலராவது இருத்தல் வேண்டும். அது தமிழ் பேசும் மக்கள் தங்கள் வீட்டு வாசலுக்கு வந்த ஒரு மனிதருக்குச் செலுத்தவேண்டிய நன்றிக்கடனாகும்.